நின்றது நின்றபடி

நாட்டிங்ஹாமில் அப்போது எல்லைக்கோடு கிடையாது.
ஆட்டத்துக்கு முன் இரண்டு கேப்டன்களையும் அழைத்துப்போய்க்
கை நீட்டிக் காட்டுவேன்:
அந்த ஓக் மரம்வரை, இந்த முள்வேலிவரை.
ஐஸ்கிரீம் வண்டி மைதானத்தில் சேர்த்தியா
என்று கேட்டவள் ஆஸ்திரேலியாக்காரி.
பந்து அதற்கு அடியில் போனால் சேர்த்தி என்றேன்.

எண்பத்திரண்டாம் வருஷம். ஆறு நாடுகள். முதல் உலகக் கோப்பை.
நான் ஒல்வென் ப்ரோதரோ, ரெக்சமில் தபால் பிரிக்கிறவள்,
சம்பளமில்லா விடுப்பில் வந்த நடுவர்.
கழுத்தில் விசில், சட்டைப்பையில் பென்சில்,
காலில் என் தம்பியின் பூட்ஸ்.

லக்ராஸ் தொடங்குவது இப்படி:
மட்டையோடு மட்டை முதுகு ஒட்டி, நடுவே பந்து.
இரண்டு பெண்கள் மூச்சடக்கி நிற்பார்கள்.
ஊதினால்
வெடுக்கென்று இழுக்க, பந்து வானத்துக்குப் போகும்.
அப்புறம் ஓட்டம்தான்.
நடுவில் மறுபடி ஊதினால் மட்டும்
எல்லோரும் அங்கங்கே நின்றுவிட வேண்டும்.
எடுத்த கால் எடுத்தபடி, திறந்த வாய் திறந்தபடி.
அன்றைய சட்டம் அது.

ஒரு செவ்வாய்க்கிழமை,
யாரும் நினைவில் வைக்காத ஒரு லீக் ஆட்டத்தில்,
தப்பே நடக்காமல் ஊதினேன்.
பார்க்க வேண்டும்போல் இருந்தது, அவ்வளவுதான்.
இருபத்துநான்கு பெண்கள் நின்றார்கள்.
ஒருத்தியின் பின்னல் மட்டும்
ஓடி முடியாமல் தோளைச் சுற்றி வந்து விழுந்தது.
ஒரு தகைவிலான் குருவி குறுக்கே போயிற்று,
அதற்குச் சட்டம் தெரியாது.
என் பேச்சை
இத்தனை பேர் அதற்குமுன் கேட்டதில்லை.

பிறகு காரணம் வேண்டுமே.
கனடாவின் ஒன்பதாம் எண்ணைக் காட்டினேன்,
ஆர்டித் கோவல்சுக். மணிக்கட்டில் அடி என்றேன்.
அவள் ஒரு வார்த்தை பேசாமல்
நான்கு மீட்டர் பின்னால் போய் நின்றாள்.
ஸ்காட்லாந்துக்கு அதில் ஒரு கோல்.

அந்த வருஷம் இறுதியாட்டம் கூடுதல் நேரம் போய்
அமெரிக்கா பத்து, ஆஸ்திரேலியா ஏழு.
நான்கு வருஷம் கழித்து அதே பத்து, அதே ஏழு,
கோப்பை மட்டும் கை மாறியது.
பெர்த். எடின்பரோ. டோக்கியோ.
மர மட்டை போய் பிளாஸ்டிக் வந்தது,
கண்ணுக்குக் கம்பிக் கவசம் வந்தது,
ஓக் மரத்தின் வேலையைச் சுண்ணாம்பு பார்த்துக்கொண்டது.
ஆறு நாடு பதினாறாயிற்று.
நான் ஒன்பதாம் எண்ணைச் சுமந்துகொண்டு
ஊர் ஊராய்ப் போனேன்.

பிராகாவில், இரண்டாயிரத்து ஒன்பதில்,
ஹோடெனோசோனிப் பெண்கள் தங்கள் கொடியோடு வந்தார்கள்.
ஆட்டமே அவர்கள் முன்னோருடையது.
பெண்கள் அதைத் தொடலாமா என்று
எங்கள் வீட்டிலேயே இன்னும் வழக்கு தீரவில்லை என்றாள்
கஹெந்தே என்ற தடுப்பாட்டக்காரி, லேஸைக் கட்டிக்கொண்டே.
அதனால்?
அதனால் மர மட்டையைத் தொடுவதில்லை, இதைத் தொடுகிறேன்,
என்று பிளாஸ்டிக்கைத் தட்டிக் காட்டினாள்.
பத்து நிமிஷம் கழித்து நான் ஊதினேன்.
அவளும் நின்றாள்.
அவர்கள் ஆட்டத்தில் அவர்களை நிற்கச் சொல்ல
ரெக்சமிலிருந்து ஒருத்தி.

அன்று மாலை சாசேஜ் வரிசையில் எனக்கு முன்னால்
நரைத்த ஆர்டித், கனடாவின் துணைப் பயிற்சியாளராம்.
இருபத்தேழு வருஷப் பாவத்தை
கடுகுச் சாஸ் பாட்டிலுக்குப் பக்கத்தில் வைத்துச் சொன்னேன்.
சிரித்தாள்.
"அடித்தேனே! மணிக்கட்டில்தான். முதுகு காட்டி நின்றீர்களே,
எப்படிப் பார்த்தீர்கள் என்று
இத்தனை நாளும் பயந்துகொண்டிருந்தேன்."
காசை அவளே கொடுத்தாள்.

டௌசனில், இந்த முறை நான் வெறும் பார்வையாளர்.
சட்டம் மாறிவிட்டது.
விசிலுக்குப் பிறகும் நடக்கலாம், நகரலாம், இடம் பிடிக்கலாம்.
நல்லதுதான், ஆட்டம் வேகமாக இருக்கிறது.
இதோ ஊதுகிறார்கள்.
கீழே எல்லோரும் நடக்கிறார்கள்.
என் காபி உதட்டுக்கும் மடிக்கும் நடுவில்.
பக்கத்து இருக்கைப் பையன், உடம்புக்கு ஏதாவதா என்கிறான்.
கோப்பை விளிம்பில் ஒரு குளவி நடக்கிறது.
அடுத்த விசில் வரட்டும்,
பதில் சொல்கிறேன்.